நியூயார்க் தெருவில் கார் நிறுத்துவது: பலகையே இல்லாத இடத்தில் டிக்கெட் வருவது ஏன்?

டெக்சஸிலிருந்து நியூயார்க்கின் ஃப்ளஷிங் பகுதிக்குக் குடிவந்த முதல் மாதத்திலேயே இரண்டு பார்க்கிங் டிக்கெட் (அபராதச் சீட்டு) வாங்கிவிட்டதாக எழுதியிருக்கிறீர்கள். ஒன்று ஹைட்ரன்ட், அதாவது தெருவோரத் தீயணைப்புக் குழாய், பக்கத்தில் நிறுத்தியதற்கு. அங்கே பலகையும் இல்லை, நடைபாதை விளிம்பில் வண்ணமும் இல்லை என்கிறீர்கள். இன்னொன்று தெரு பெருக்கும் நேரத்தில் நிறுத்தியதற்கு. பலகையில் காலை 8.30 என்றிருக்கிறது, டிக்கெட்டில் 8.33 என்று போட்டிருக்கிறார்கள். இரண்டையும் பேசாமல் கட்டிவிடலாமா, இனி வராமல் இருக்க என்ன செய்வது என்பது உங்கள் கேள்வி. டிசம்பரில் மூன்று வாரம் மதுரைக்குப் போகப் போவதாகவும், காரைத் தெருவிலேயே விட்டுப் போகலாமா என்றும் கடைசி வரியில் போகிறபோக்கில் கேட்டிருக்கிறீர்கள். அந்த வரியைப் படித்த பிறகுதான் இவ்வளவு நீளமாக எழுதத் தோன்றியது. இந்த இரண்டு டிக்கெட்டையும் விடப் பெரிய செலவு உங்களுக்கு அங்கேதான் காத்திருக்கிறது.

டெலிவரி வண்டிகளுக்கு வரும் டிக்கெட்டுகளைப் பிரித்துப் பார்த்து, எதைக் கட்டுவது, எதை எதிர்த்து வாதாடுவது என்று முடிவு செய்வது என் அன்றாட வேலை. நான் வழக்கறிஞர் இல்லை. ஆகவே எது எழுதப்பட்ட விதி, எது ஊர் வழக்கம், எது டிக்கெட்டை எதிர்த்தால் அதை விசாரிப்பவரின் மனத்தைப் பொறுத்தது என்பதைத் தனித்தனியாகச் சொல்கிறேன். உங்கள் அவசரத்துக்கு முதலில் சுருக்கமான பதில்: ஹைட்ரன்ட் டிக்கெட்டை அளந்து பார்த்துவிட்டுக் கட்டுங்கள். 8.33 டிக்கெட்டைக் கட்டாதீர்கள், எதிர்த்து எழுதுங்கள். இரண்டுக்கும் காரணம் கீழே இருக்கிறது.

நியூயார்க் நகர விதிப்படி ஹைட்ரன்டுக்கு இரண்டு பக்கமும் 15 அடிக்குள் வண்டி நிற்கக் கூடாது. ஒரு டொயோட்டா கேம்ரியின் நீளம் சுமார் 16 அடி. அதாவது ஹைட்ரன்டுக்கும் உங்கள் பம்பருக்கும் நடுவில் கிட்டத்தட்ட இன்னொரு கேம்ரி அடங்கும் அளவுக்கு இடைவெளி வேண்டும். புதிதாக வருபவர்கள் ஐந்தாறு அடி விட்டால் போதும் என்று நினைத்துவிடுகிறார்கள். இந்த விதிக்குப் பலகை தேவையில்லை, ஹைட்ரன்டே பலகை. விளிம்பு வண்ணத்தையும் நம்பாதீர்கள். கலிஃபோர்னியாவில் சிவப்பு, மஞ்சள், பச்சை, வெள்ளை, நீலம் என்று ஒவ்வொரு விளிம்பு வண்ணத்துக்கும் சட்டத்தில் ஒரு பொருள் உண்டு. நியூயார்க்கில் அப்படி எதுவும் கிடையாது. சில வீட்டுக்காரர்கள் வாசல் விளிம்பில் மஞ்சள் அடித்து வைத்திருப்பார்கள், அதனால் அந்த இடம் தடை செய்யப்பட்டதாக ஆகாது. அதேபோல வண்ணம் இல்லாததால் ஒரு இடம் அனுமதிக்கப்பட்டதாகவும் ஆகாது.

15 அடியைக் கண்ணால் மதிப்பிடுவது கடினம். நடைபாதையின் சிமென்ட் கட்டங்கள் பெரும்பாலும் 5 அடிக்கு 5 அடி, ஆகவே ஹைட்ரன்டிலிருந்து மூன்று கட்டம் தள்ளி நிறுத்தினால் சரியாக வரும். ஆனால் பழைய தெருக்களிலும், குழாய் வேலைக்குத் தோண்டி மூடிய இடங்களிலும் கட்டத்தின் அளவு மாறும். டிக்கியில் 25 அடி டேப் ஒன்று போட்டு வைத்துக்கொள்ளுங்கள். இதில் அதிகம் பேர் மாட்டுவது இரண்டு விதத்தில். ஏற்கெனவே ஹைட்ரன்டை ஒட்டி ஒருவர் நிறுத்தியிருப்பார், அவர் வண்டி ஹைட்ரன்டை மறைத்துக்கொண்டிருக்கும். நீங்கள் அவருக்குப் பின்னால் போய் நிற்பீர்கள், பிறகு அவர் கிளம்பிப் போய்விடுவார். இல்லையென்றால் குப்பை மூட்டையோ பனிக்குவியலோ ஹைட்ரன்டையே மூடியிருக்கும். 'தெரியவில்லை' என்ற வாதம் இரண்டிலும் எடுபடாது. அபராதம் 115 டாலர். ஒரே ஒரு விலக்கு உண்டு: சூரியன் உதித்ததிலிருந்து மறையும் வரை, ஓட்டுநர் இருக்கையில் ஆள் உட்கார்ந்து, உடனே கிளப்பும் நிலையில் இருந்தால் பயணிகள் காரை ஹைட்ரன்ட் அருகே நிறுத்தலாம். பக்கத்து இருக்கையில் மனைவியோ, பின்னால் அம்மாவோ உட்கார்ந்திருந்தால் இது பொருந்தாது. இருட்டிய பிறகும் பொருந்தாது.

ஆகவே நீங்கள் நிறுத்திய இடத்துக்குப் போய், ஹைட்ரன்டிலிருந்து உங்கள் வண்டியின் நெருங்கிய முனை எங்கே இருந்தது என்று நினைவுபடுத்தி அளந்து பாருங்கள். அன்றைக்கு எடுத்த படம் இருந்து, அதில் தூரம் 15 அடிக்கு மேல் என்று காட்ட முடிந்தால் எதிர்க்கலாம். குறைவாக இருந்தால் கட்டிவிடுவதுதான் வழி.

இப்படிப் பலகை இல்லாமலேயே ஊர் முழுக்கச் செல்லுபடியாகும் விதிகள் வேறு சிலவும் உண்டு. பாதசாரிகள் கடக்கும் கோட்டின் மேல் உங்கள் பம்பர் ஒரு சாண் நீட்டிக்கொண்டிருந்தாலும் டிக்கெட் வரும். கோடு போடாத முனையிலும் நடைபாதை நேராக நீண்டு எதிர்ப்புறம் சேரும் பகுதி கடவையாகவே கணக்கு. சக்கர நாற்காலிக்காகச் சரித்த விளிம்பை மறித்தால் 165 டாலர். விளிம்பிலிருந்து உங்கள் சக்கரம் ஓர் அடிக்கு மேல் தள்ளியிருக்கக் கூடாது. இருவழித் தெருவில் எதிர்ப்பக்கம் காலியிடம் தெரிந்தால் அப்படியே வெட்டிப் போய் நிறுத்திவிடுவது நம் ஊரில் ஓட்டிப் பழகியவர்களின் கை வழக்கம். இங்கே வண்டியின் முகம் போக்குவரத்துத் திசையில் இருந்தாக வேண்டும், திரும்பி நின்றால் அதுவே தனிக் குற்றம். ஒருவழித் தெருவில் இரண்டு பக்கமும் நிறுத்தலாம், ஆனால் திசை ஒன்றுதான்.

வீட்டு வாசல் வழியை மறிப்பது ஃப்ளஷிங் போன்ற குடியிருப்புத் தெருக்களில் அடிக்கடி நடக்கும் தவறு. அரை அடி உள்ளே வந்தாலும் வீட்டுக்காரர் புகார் செய்தால் டிக்கெட்டோடு வண்டியையும் இழுத்துப்போக வாய்ப்பு உண்டு. அந்த வீட்டுக்காரரே தன் வாசலை மறித்து நிறுத்தலாமா என்று சிலர் கேட்பார்கள். இரண்டு குடியிருப்புக்கு மேல் இல்லாத மனையாக இருந்து, வண்டி அந்த முகவரியில் பதிவாகியிருந்து, நடைபாதையை மறைக்காமல் நின்றால் நிறுத்தலாம். உங்கள் வாடகை வீட்டுக்கு இது பொருந்துமா என்பது ஒப்பந்தத்தையும் மனையில் எத்தனை குடியிருப்பு என்பதையும் பொறுத்தது.

அடுத்தது டபுள் பார்க்கிங், அதாவது ஏற்கெனவே நிற்கும் வண்டிக்குப் பக்கத்தில் இரண்டாவது வரிசையாக நிறுத்துவது. பௌன் தெருப் பிள்ளையார் கோவிலுக்கு வெள்ளிக்கிழமை மாலை வருபவர்கள் பெரியவர்களை வாசலில் இறக்கிவிட்டு, நின்ற வண்டிகளுக்கு வெளிப்பக்கம் நான்கு விளக்கையும் மினுக்கவிட்டுக் காத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். மினுக்கும் விளக்குக்குச் சட்டத்தில் எந்தச் சலுகையும் இல்லை. இறக்கிவிட்டால் உடனே நகர்ந்துவிட வேண்டும், காத்திருந்தால் 115 டாலர். காவலர் வந்து சீட்டு வைத்தால்தான் டிக்கெட் என்றும் எண்ண வேண்டாம். குறிப்பிட்ட தடங்களில் ஓடும் பேருந்துகளிலேயே கேமரா இருக்கிறது. 2024 முதல் அவை பேருந்துப் பாதையை மறிப்பதோடு, அந்தத் தடத்தில் டபுள் பார்க்கிங் செய்வதையும் பேருந்து நிறுத்தத்தில் நிற்பதையும் பதிவு செய்கின்றன. முதல் முறை 50 டாலர், 12 மாதத்துக்குள் திரும்பத் திரும்ப மாட்டினால் 250 டாலர் வரை ஏறும். இது தபாலில்தான் வரும், கண்ணாடியில் எதுவும் இருக்காது.

ஒரு முரணை இங்கேயே சொல்லிவிடுகிறேன். நியூயார்க் மாநிலச் சட்டம் பாதசாரிக் கடவையிலிருந்து 20 அடி தள்ளி நிறுத்தச் சொல்கிறது. நியூயார்க் நகரம் தன் எல்லைக்குள் அதைக் கடைப்பிடிப்பதில்லை, தனிப் பலகை இல்லாவிட்டால் கோட்டின் விளிம்பு வரை நிறுத்தலாம். ஆனால் ஃப்ளஷிங் இருக்கும் குவீன்ஸைத் தாண்டி, நகர எல்லைக்கு வெளியே உள்ள நாசாவ் கவுண்டிக்குள் நுழைந்ததும் அந்த 20 அடி உயிர்பெற்றுவிடும். நகரத்துக்குள்ளும் தெருமுனைகளைக் காலியாக வைக்க வேண்டும் என்ற கோரிக்கை வலுத்து வருகிறது. முனையில் ஒருவர் குழந்தையோடு தெருவைக் கடக்க எட்டிப் பார்க்கும்போது நிறுத்திய காரே அவரை மறைத்துவிடுகிறது என்பதால், அது நியாயமான கோரிக்கை என்றே நினைக்கிறேன்.

இனி பலகை. நியூயார்க்கில் மூன்று சொற்களை மனப்பாடம் செய்துகொள்ள வேண்டும். 'நோ பார்க்கிங்' என்றால் சாமான் ஏற்றி இறக்கவும் ஆள் ஏற்றி இறக்கவும் நிற்கலாம், காத்திருக்கக் கூடாது. 'நோ ஸ்டாண்டிங்' என்றால் ஆள் ஏற்றி இறக்க மட்டும் நிற்கலாம், சாமானுக்கு நிற்கக் கூடாது. 'நோ ஸ்டாப்பிங்' என்றால் எதற்கும் நிற்கக் கூடாது. பெயர்கள் ஒன்றுபோலத் தெரிந்தாலும் கடுமை இந்த வரிசையில்தான் கூடுகிறது. வண்டிக்குள் உட்கார்ந்திருந்தால் பார்க்கிங் ஆகாது என்று பலர் நம்புகிறார்கள். விதி அப்படி இல்லை. நீங்கள் உள்ளே இருக்கிறீர்களா என்பதைக் கேட்காது, எதற்காக நிற்கிறீர்கள் என்பதைத்தான் கேட்கும். எஞ்சினை ஓடவிட்டு மூன்று நிமிடத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தால் அது வேறொரு குற்றம். பள்ளிக்கூடத்தை ஒட்டி என்றால் ஒரு நிமிடம்தான்.

பலகை எவ்வளவு தூரத்துக்குச் செல்லும் என்பதில்தான் அதிகம் பேர் தவறு செய்கிறார்கள். ஒரு சந்திப்புக்கும் அடுத்த சந்திப்புக்கும் இடைப்பட்ட நடைபாதை முழுவதும் ஒரு பிளாக். அந்த பிளாக்கில் எங்காவது ஒரு பலகை இருந்தாலே போதுமான அறிவிப்பு என்று விதி சொல்கிறது. அதனால் 'என் காருக்கு நேரே பலகை இல்லை' என்பது வாதமே ஆகாது. இறங்கியதும் இந்த முனையிலிருந்து அந்த முனை வரை ஒருமுறை நடந்துவிடுங்கள், இரண்டு நிமிட வேலை. பலகையின் அடியில் அம்புக்குறி இருந்தால் அந்தத் திசையில் விதி செல்லும், இரண்டு முனையிலும் அம்பு இருந்தால் கம்பத்தின் இரு பக்கமும் செல்லும். ஒரே இடத்துக்கு ஒன்றுக்கு மேற்பட்ட பலகை இருந்தால் எது கடுமையானதோ அதுதான் செல்லும். பலகை பார்க்க ஆரம்பித்தவர்களுக்கு இந்த ஒரு வாக்கியத்தை மட்டும் சொல்லிக்கொடுத்தாலே பாதி டிக்கெட் குறைந்துவிடும்.

ஒரு கம்பத்தை எடுத்துப் படித்துப் பார்ப்போம். மன்ஹாட்டனில் சனிக்கிழமை காலை 9.15-க்கு இடம் தேடுகிறீர்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். கம்பத்தில் மூன்று பலகை. மேலே சிவப்பில்: நோ ஸ்டாண்டிங், காலை 7 முதல் 10 வரை, ஞாயிறு நீங்கலாக. நடுவில்: சரக்கு வண்டிகளுக்கு மட்டும் மீட்டர், மற்றவர்களுக்கு நோ ஸ்டாண்டிங், காலை 10 முதல் மாலை 6 வரை, திங்கள் முதல் வெள்ளி வரை. கீழே பச்சையில்: 2 மணி நேர மீட்டர் பார்க்கிங், காலை 9 முதல் இரவு 7 வரை, சனிக்கிழமை. பசியோடு பார்க்கிறவன் கண்ணில் பச்சைதான் முதலில் படும். சனிக்கிழமை, 9 மணி தாண்டிவிட்டது, மீட்டரில் பணம் போட்டால் சரி என்று தோன்றும். ஆனால் மேலே உள்ள 'ஞாயிறு நீங்கலாக' என்பது சனிக்கிழமையையும் சேர்த்துத்தான் பேசுகிறது. 9 முதல் 10 வரை இரண்டு பலகையும் மோதுகின்றன, கடுமையான சிவப்பு ஜெயிக்கிறது. மீட்டரில் பணம் கட்டிய ரசீது கையில் இருந்தாலும் 115 டாலர்தான். 10 மணிக்குப் பிறகு வந்தால் மீட்டர் போட்டு 2 மணி நேரம் நிறுத்தலாம். ஞாயிறு முழுவதும் அந்த இடம் இலவசம். திங்கள் முதல் வெள்ளி வரை சொந்தக் காருக்கு மாலை 6-க்குப் பிறகுதான் இடம், மறுநாள் காலை 7-க்குள் எடுத்துவிட வேண்டும். இப்படி மேலிருந்து கீழாக, ஒவ்வொரு பலகைக்கும் 'இன்று செல்லுமா, இப்போது செல்லுமா, என் வண்டிக்குச் செல்லுமா' என்று மூன்று கேள்வி கேட்டுக்கொண்டே இறங்குங்கள். நான் திரும்பி வரும் நேரத்துக்கு எது செல்லும் என்று நான்காவதாகவும் ஒன்று கேளுங்கள். பெரும்பாலான டிக்கெட் நிறுத்தும் நேரத்தில் விழுவதில்லை, திரும்பி வரத் தாமதமாகும் நேரத்தில்தான் விழுகிறது.

உங்கள் இரண்டாவது டிக்கெட்டுக்கு வருகிறேன். சிவப்புப் பலகையில் துடைப்பம் வரைந்திருந்தால் அது தெரு பெருக்கும் விதி. 1950-ல் லோயர் ஈஸ்ட் சைடில் தொடங்கியது. பெருக்கும் இயந்திர வண்டி விளிம்பை ஒட்டிப் போனால்தான் குப்பையை அள்ள முடியும் என்பதால், ஒரு நாள் இந்தப் பக்கம், ஒரு நாள் அந்தப் பக்கம் காலி செய்யச் சொன்னார்கள். கொரோனா காலத்தில், ஒரு பக்கத்துக்கு வாரத்தில் எத்தனை நாள் பலகை இருந்தாலும் கடைசி நாள் மட்டும் காலி செய்தால் போதும் என்று தளர்த்தியிருந்தார்கள். 2022 ஜூலை 5 முதல் பலகையில் உள்ள எல்லா நாளும் செல்லும். 'வாரம் ஒரு முறைதான்' என்று பழைய ஆட்கள் யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

இந்த விதி தொடங்கும் நேரத்திலிருந்து 5 நிமிடத்துக்குள் டிக்கெட் எழுதக் கூடாது என்று நகரச் சட்டமே சொல்கிறது. மீட்டரில் கட்டிய நேரம் முடிந்த பிறகும் அதே 5 நிமிடச் சலுகை உண்டு. பலகையில் 8.30, டிக்கெட்டில் 8.33 என்றால் அது சலுகை நேரத்துக்குள் விழுகிறது. பலகையின் நேரம் தெளிவாகத் தெரியும் படம், அந்த பிளாக்கின் இரு முனைப் படங்கள், டிக்கெட்டின் படம் ஆகியவற்றை இணைத்து, சலுகை நேரத்துக்குள் எழுதப்பட்டது என்று இரண்டே வரியில் எழுதுங்கள். கோபம், குடும்பச் சூழ்நிலை, ஊருக்குப் புதிது என்பதெல்லாம் வேண்டாம். ஆனால் இந்த 5 நிமிடத்தைத் திட்டத்தில் சேர்த்துக்கொள்ளாதீர்கள். 8.36-க்கு எழுதினால் செல்லும்.

இதே விதியைச் சுற்றி ஊர் வழக்கம் சில உண்டு. பெருக்கும் வண்டி வரும்வரை காரில் உட்கார்ந்திருந்து, வந்ததும் நகர்ந்து வழிவிட்டு, மறுபடி அதே இடத்துக்குத் திரும்புவார்கள். காவலர்கள் பல தெருக்களில் இதைக் கண்டுகொள்வதில்லை. இருந்தாலும் அது 'நோ பார்க்கிங்' நேரம், காத்திருப்பது விதிமீறல்தான். எழுதினால் வாதாட இடமில்லை. பெருக்கும் வண்டி வந்துபோய்விட்டது என்று நேரம் முடியும் முன்பே திரும்ப நிறுத்துவதும் அப்படித்தான், பலகையில் உள்ள நேரம் முடியும்வரை விதி செல்லும். எதிர்ப்பக்கம் வரிசையாக டபுள் பார்க்கிங் செய்துவிட்டுக் கண்ணாடியில் போன் நம்பர் வைக்கும் பழக்கம் சில பகுதிகளில் வேரூன்றியிருக்கிறது. எத்தனை பேர் சேர்ந்து செய்தாலும் அது சட்டப்படி தவறு என்று நகரம் திட்டவட்டமாகச் சொல்கிறது.

பெருக்கும் விதி நிறுத்திவைக்கப்படும் நாட்களின் பட்டியலை நகரம் ஆண்டுதோறும் வெளியிடுகிறது. அதில் தீபாவளியும் இருக்கிறது. நம் வீட்டுக் காலண்டரின் தீபாவளியும் நகரப் பட்டியலின் தீபாவளியும் சில ஆண்டுகளில் ஒரு நாள் தள்ளிப் போகலாம், செல்லுவது நகரப் பட்டியல்தான். அன்றைக்கு நிறுத்திவைப்பது துடைப்ப விதியை மட்டும், மீட்டருக்குப் பணம் கட்டியே ஆக வேண்டும். நன்றி நவிலும் நாள், கிறிஸ்துமஸ், புத்தாண்டு போன்ற பெரிய விடுமுறைகளில் மீட்டரும் கிடையாது. ஆனால் வாரம் ஏழு நாளும் செல்லும் பலகைகளும் ஹைட்ரன்டும் அன்றும் உயிரோடுதான் இருக்கும். பனி கொட்டினால் திடீரென நிறுத்திவைப்பார்கள். நகரத்தின் தகவல் எண்ணான 311-ஐ அழைத்தால் அன்றைய நிலை தெரியும், முதல் நாள் இரவே பார்த்துவிடுவது நல்லது.

மீட்டரைப் பற்றிச் சுருக்கமாக. ஞாயிறன்று மீட்டர் இல்லை. மற்ற நாட்களில் நேரம் தீர்ந்தால் மன்ஹாட்டனில் 96-ஆம் தெருவுக்குத் தெற்கே 65 டாலர், மற்ற இடங்களில் 35 டாலர். 2 மணி நேர மீட்டரில் திரும்பத் திரும்பப் பணம் போட்டு நாள் முழுக்க நிற்க அனுமதி இல்லை. இயந்திரம் பழுதென்றால் அதே பகுதியில் வேறு இயந்திரத்தைத் தேட வேண்டும். எதுவுமே வேலை செய்யவில்லை என்றால் பலகையில் உள்ள அதிகபட்ச நேரம் வரை நிற்கலாம், இயந்திரத்தின் எண்ணையும் பழுதையும் படம் எடுத்து 311-ல் புகார் செய்து வையுங்கள். 2024 முதல் ரசீது தராத, ப்ளேட் எண்ணைக் கேட்கும் இயந்திரங்கள் வந்துகொண்டிருக்கின்றன. அதில் ஓர் எழுத்து தவறினாலும் நீங்கள் பணம் கட்டாதவர்தான். ஓ எழுத்தா, பூஜ்யமா என்று பார்த்துப் போடுங்கள். மீட்டர் பணத்தைப் போனிலேயே கட்டும் பார்க்என்ஒய்சி செயலியில் இரண்டு கார் பதிவு செய்திருப்பவர்கள் வேறு காருக்குப் பணம் கட்டிவிடுவதும் அடிக்கடி நடக்கிறது.

இடத்தோடு சம்பந்தமே இல்லாத டிக்கெட்டும் உண்டு. தெருவில் நிற்கும் வண்டியின் தகுதிப் பரிசோதனையைக் காட்டும் இன்ஸ்பெக்‌ஷன் ஸ்டிக்கர் காலாவதியாகியிருந்தால், மிகச் சரியான இடத்தில் நின்றாலும் 65 டாலர் வரும். டெக்சஸ் பதிவை நியூயார்க்குக்கு மாற்றும் வேலை உங்களுக்கு இருக்கிறது, மாற்றியதும் முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என இரண்டு ப்ளேட்டும் பொருத்திவிடுங்கள். பெற்றோர் வரும்போது மாற்றுத்திறனாளிகளுக்கான நீல அட்டையைக் கண்ணாடியில் மாட்டிக்கொண்டு தெருவில் எங்கும் நிறுத்தலாம் என்று எண்ண வேண்டாம். அது வணிக வளாகம் போன்ற இடங்களில் குறியிட்ட வாகன நிறுத்தத்துக்குத்தான் செல்லும். நியூயார்க் நகரத் தெருவுக்கு நகரமே தரும் தனி அனுமதி வேண்டும்.

டிக்கெட் வந்ததும் முதலில் செய்ய வேண்டியது, பணம் கட்டும் முன் அதை ஒருமுறை வரி வரியாகப் படிப்பது. கட்டிவிட்டால் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகிவிடும். ப்ளேட் எண், எந்த மாநிலம், ப்ளேட்டின் வகை, பதிவு முடியும் தேதி, வண்டியின் தயாரிப்பு, உடல் வகை, இடம், தேதி, நேரம், எந்த விதி என்பவை கட்டாயம் இருக்க வேண்டியவை. இவற்றில் ஒன்று விடுபட்டாலோ தவறாக இருந்தாலோ டிக்கெட் தள்ளுபடியாகும், ஆனால் நீங்கள்தான் அதைச் சுட்டிக்காட்ட வேண்டும். செடானை எஸ்யூவி என்று எழுதியிருப்பது செல்லும் வாதம். வண்டியின் நிறத்தைத் தவறாக எழுதியிருப்பது அந்தக் கட்டாயப் பட்டியலில் இல்லாததால், அதை மட்டும் நம்பிப் போகாதீர்கள். வெளிமாநில ப்ளேட்டில் முடியும் தேதி கண்ணுக்குத் தெரியவில்லை என்றால், தெரியவில்லை என்று குறித்திருந்தாலே போதும்.

எடுபடும் வாதங்கள் சில தெளிவானவை: அன்று விதி நிறுத்திவைக்கப்பட்டிருந்தது, மீட்டருக்குப் பணம் கட்டிய பதிவு இருக்கிறது, பிளாக் முழுவதிலும் பலகையே இல்லை, வண்டி அதற்கு முன்பே விற்கப்பட்டது அல்லது களவுபோனது, வழியில் பழுதாகி இழுத்துச் சென்ற ரசீது இருக்கிறது. எடுபடாதவையும் தெளிவானவை: இரண்டே நிமிடம்தான் நின்றேன், எல்லோரும் அங்கேதான் நிறுத்துகிறார்கள், காவலர் எச்சரிக்கவில்லை, மரக்கிளை மறைத்ததால் பலகையைக் கவனிக்கவில்லை. கடைசி வாதத்தில் மட்டும் கொஞ்சம் நெகிழ்வு உண்டு. பலகை உண்மையிலேயே படிக்க முடியாதபடி சிதைந்திருந்து, அதே பிளாக்கில் வேறு நல்ல பலகை எதுவும் இல்லையென்று படத்தோடு காட்டினால் கேட்பார்கள். 'நோ பார்க்கிங்' இடத்தில் சாமான் இறக்கிக்கொண்டிருந்தேன் என்ற வாதம் விசாரிப்பவருக்கு விசாரிப்பவர் மாறும். கடை ரசீது, நேரம் பதிந்த படம் போன்ற துணை இல்லாமல் வெறும் சொல்லாக வைத்தால் பலம் குறைவு.

தேதிக் கணக்கு கறாரானது. டிக்கெட் தேதியிலிருந்து 30 நாளுக்குள் கட்ட வேண்டும் அல்லது எதிர்க்க வேண்டும். தாண்டினால் 10 டாலர், 60 நாள் தாண்டினால் மேலும் 20, 90 நாள் தாண்டினால் மேலும் 30 சேரும். சுமார் 100 நாளில் அது தீர்ப்பான கடனாக மாறி வட்டி ஓடத் தொடங்கும். அப்படிப்பட்ட கடன் 350 டாலரைத் தாண்டினால் சக்கரத்தில் பூட்டுப் போடவோ வண்டியை இழுத்துப்போகவோ அதிகாரம் வந்துவிடும். இணையத்தில், தபாலில், நேரில் என எப்படியும் எதிர்க்கலாம். தோற்றால் தீர்ப்பு வந்து 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம். உங்கள் லைசென்ஸில் இதற்குப் புள்ளி எதுவும் ஏறாது, அந்தப் பயம் வேண்டாம். போனில் குறுஞ்செய்தியாக வரும் 'பார்க்கிங் பாக்கி' லிங்கையும், மீட்டரில் யாரோ ஒட்டிய க்யூஆர் ஸ்டிக்கரையும் தொடாதீர்கள். டிக்கெட் எண்ணை நகர நிதித்துறையின் தளத்தில் நீங்களே போட்டுப் பாருங்கள்.

இனி மதுரைப் பயணம். வேறு பலகை எதுவும் இல்லாத தெருவிலும் ஒரே இடத்தில் தொடர்ந்து 7 நாளுக்கு மேல் வண்டியை விடக் கூடாது என்று ஒரு விதி இருக்கிறது. ஆகவே மூன்று வாரம் தெருவில் விடுவதற்குச் சட்டப்படியான இடமே கிடையாது. துடைப்பப் பலகை உள்ள தெரு என்றால் ஒவ்வொரு பெருக்கும் நாளுக்கும் ஒரு டிக்கெட் தனித்தனியாகச் சேரும். அது போக, படப்பிடிப்புக்கோ சாலை வேலைக்கோ மரத்தில் காகிதத் தடை அறிவிப்பு ஒட்டுவார்கள், அதைப் பார்க்க நீங்கள் ஊரில் இருக்க மாட்டீர்கள். அதற்காக உங்கள் வண்டியைப் பக்கத்துத் தெருவுக்கு அவர்களே நகர்த்தி வைத்துவிட்டால், நீங்கள் திரும்பி வந்து தேட வேண்டியிருக்கும். காவல்துறை இழுத்துப்போய்க் கிடங்கில் வைத்தால் இழுவைக் கட்டணம் 185 டாலர், அதற்குமேல் ஒரு நாளுக்கு 20 டாலர் வைப்புக் கட்டணம். டிக்கெட் பணம் இதில் சேர்த்தியில்லை.

அதனால் மூன்று வழிதான். லாங் ஐலண்டிலோ நியூஜெர்சியிலோ சொந்த வாசல் உள்ள நண்பர் வீட்டில் விடுங்கள். வாசல் நிரம்பி அவர் தெருவில் விடச் சொன்னால் அந்த ஊர் விதியைக் கேட்டுவிட்டுச் செய்யுங்கள், ஏனென்றால் அங்கே பல ஊர்களில் இரவில் தெருவில் நிறுத்தவே தடை. ஜெர்சி சிட்டி போன்ற இடங்களில் குடியிருப்பவர் அனுமதி இல்லாமல் சில மணி நேரத்துக்கு மேல் நிற்க முடியாது. இரண்டாவது, மாத வாடகைக்குக் கராஜ். தனித்தனி நாள் கணக்கை விட மாதக் கணக்கு மலிவாக அமையும், டிசம்பருக்கு இப்போதே பேசி வையுங்கள். மூன்றாவது, நம்பகமான ஒருவரிடம் சாவி கொடுத்துவிட்டுப் போவது. 'அப்பப்போ கொஞ்சம் பார்த்துக்கோ' என்று சொன்னால் போதாது. எந்தக் கிழமை எத்தனை மணிக்கு எந்தப் பக்கத்திலிருந்து எந்தப் பக்கத்துக்கு மாற்ற வேண்டும் என்று தேதி போட்டு எழுதிக் கொடுங்கள், அந்த மூன்று வாரத்தில் வரும் விடுமுறை நாட்களையும் குறித்துக் கொடுங்கள். கிளம்பும் முன் இன்ஸ்பெக்‌ஷன் தேதியைப் பாருங்கள். மதுரையில் இருக்கும்போது வாரம் ஒருமுறை உங்கள் ப்ளேட் எண்ணை நிதித்துறைத் தளத்தில் போட்டுப் பார்த்தால், ஏதாவது விழுந்திருந்தாலும் 30 நாள் கெடுவுக்குள் அங்கிருந்தே எதிர்த்து எழுதிவிடலாம். வண்டியை விட்ட அன்றைக்கே பிளாக்கின் இரு முனையையும் எல்லாப் பலகைகளையும் படம் எடுத்து வைத்திருந்தால், இணைக்க வேண்டிய ஆதாரம் உங்கள் போனிலேயே இருக்கும்.